கயத்தாறில் இறங்கிய டேனிஷ் காத்தாடி

போன வாரம் எபிசோட் வரலை, மன்னிச்சுக்கோங்க. ஆபீஸ்ல ஒரு ரிலீஸ், அது முடிஞ்சதும் ரெண்டு நாள் ஊருக்குப் போயிட்டேன். ஊருன்னா வடகரை. பண்பொழிக்கும் அச்சன்புதூருக்கும் பக்கத்துல, மேல மேக்கரையில அடவிநயினார் அணை. குற்றாலத்துக்கு வர்ற பலரும் எங்க ஊர் பேரைக் கேட்டிருக்க மாட்டீங்க, பரவாயில்ல.

பொதிகை எக்ஸ்பிரஸ்ல விடியக்காலை சங்கரன்கோவில் தாண்டினதும் ஜன்னல்ல காத்தாடி தெரிய ஆரம்பிக்கும். பாட்டரி, பேப்பர் காத்தாடி இல்ல, காற்றாலை. எங்க பக்கம் யாரும் காற்றாலைன்னு சொல்ல மாட்டாங்க. ஈ.பி. ஆபீஸ் கடிதத்துலயும் பேப்பர்லயும்தான் அந்த வார்த்தை. வைகாசிக் கடைசியில தென்மேற்குப் பருவக்காத்து ஆரியங்காவு, செங்கோட்டைக் கணவாய்க்குள்ள நெருக்கிக்கிட்டு இந்தப் பக்கம் வரும். மலையடிவாரத்துல அது சாரல். இருபது முப்பது கிலோமீட்டர் கிழக்க போனா அதுல ஈரம் இல்ல, வெறும் வேகம்தான். குற்றாலத்துல தண்ணி விழுந்தா சுரண்டைப் பக்கம் இறக்கை சுத்தும். ரெண்டும் ஒரே காத்து.

இன்னைக்குப் பேசப்போறது ஒரு உலக வர்த்தகக் கதை. "சுற்றுச்சூழல் பொருட்கள், சேவைகள்" என்று ஜெனீவாவில் ஒரு தலைப்பு இருக்கிறது. காற்றாலை, சோலார் தகடு, கழிவுநீர் சுத்திகரிக்கும் இயந்திரம் மாதிரியான பொருட்களுக்கு நாடுகள் சுங்க வரியைக் குறைத்துக்கொள்ளலாமா என்ற பேச்சு. படிச்சா தூக்கம் வரும். ஆனா அந்தப் பொருள்ல ஒண்ணு எங்க தாத்தாவோட புஞ்சையில நிக்குது. அதனால எனக்குத் தூக்கம் வரலை.

முதல்ல 2012. நான் பத்தாவது. அந்த வருஷம் தமிழ்நாட்டுல கரண்ட் எப்படி இருந்ததுன்னு தொண்ணூறுகள்ல பிறந்த யாரையும் கேளுங்க. ஆடி மாசம் வரைக்கும் ஓரளவு சமாளிச்சோம், ஏன்னா காத்து அடிச்சது. புரட்டாசி முடிஞ்சு ஐப்பசி பிறந்ததும் காத்து நின்னுச்சு, காத்தாடியும் நின்னுச்சு. ஒரு நாளைக்குப் பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல கட். எங்க அம்மா மாவு ஆட்டுறதுக்கு முன்னாடி, மொட்டை மாடியில இருந்து கிழக்க பார்க்கச் சொல்லுவாங்க: "இறக்கை சுத்துதா பாரு." சுத்தினா கிரைண்டர் போடலாம். எங்க வீட்டுக்கு அதுதான் மின்வாரிய அறிவிப்பு. அப்போ எனக்கு ஒரு கேள்வி வந்தது. இவ்வளவு காத்தாடியும் யாருடையது, எங்க இருந்து வந்தது?

கதை மலைக்கு அந்தப் பக்கம் ஆரம்பிக்கிறது. பீர்மேட்டில் 1918-ல் பிறந்தவர் அன்னா மணி. சென்னை மாநிலக் கல்லூரியில் இயற்பியல் படித்தவர், இந்திய வானிலைத் துறையில் துணைத் தலைமை இயக்குநர் வரை உயர்ந்து 1976-ல் ஓய்வு பெற்றார். வானிலைக் கருவிகளை வெளிநாட்டிலிருந்து வாங்காமல் இங்கேயே செய்ய வேண்டும் என்று வேலை முழுக்கப் பிடிவாதமாக இருந்தவர். ஓய்வுக்குப் பிறகு இந்தியாவின் காற்றை அளக்கும் வேலையை எடுத்துக்கொண்டார். அவரும் டி. ஏ. மூலியும் சேர்ந்து தொகுத்த இந்தியக் காற்றாற்றல் தரவு நூல் 1983-ல் வந்தது. எந்த மாதத்தில், எந்த மணி நேரத்தில், எவ்வளவு வேகம் என்று எண்கள் மட்டுமே நிறைந்த புத்தகம். இது இல்லாமல் எந்த நாட்டு இயந்திரம் வந்திருந்தாலும் அதை எங்கே நடுவது என்று யாருக்கும் தெரிந்திருக்காது. அதாவது முதல் "சுற்றுச்சூழல் சேவை" இறக்குமதி ஆனது இல்லை, உள்ளூர்ச் சரக்கு. இதை ஞாபகம் வெச்சுக்கோங்க, பின்னாடி வரும்.

அதே நேரத்தில் டென்மார்க்கில் என்ன நடந்தது? 1957-லேயே யோகன்னஸ் யூல் என்ற பொறியாளர் கெட்சர் என்ற இடத்தில் 200 கிலோவாட் காற்றாலை ஒன்றைக் கட்டினார். பத்து வருஷம் போல ஓடியது. எண்ணெய் மலிவாக இருந்ததால் யாரும் கண்டுகொள்ளவில்லை. 1973-ல் எண்ணெய் நெருக்கடி வந்ததும் பழைய வரைபடங்களைத் தூசி தட்டினார்கள். அப்போது இதில் இறங்கிய நிறுவனங்களில் ஒன்று வெஸ்டாஸ். 1898-ல் ஒரு கொல்லுப்பட்டறையாகத் தொடங்கி, பால் குளிரூட்டி, கிரேன் என்று விற்றுக்கொண்டிருந்த கம்பெனி. 1979-ல் முதல் காற்றாலையை விற்றது.

பெரிய சந்தை கிடைத்தது கலிபோர்னியாவில். அங்கே காற்றாலை போட்டால் வரிச்சலுகை. ஜோண்ட் என்ற அமெரிக்க நிறுவனம் 1985-ல் வெஸ்டாஸுக்கு 1,200 இயந்திரம் ஆர்டர் கொடுத்தது. ஏற்றிப்போக வேண்டிய கப்பல் கம்பெனி திவாலாகி, சரக்கு தாமதமானது. அந்த ஆண்டு முடிவில் வரிச்சலுகையும் காலாவதி. வாங்கினவர் வேண்டாம் என்றுவிட்டார். 1986 அக்டோபரில் வெஸ்டாஸ் கடனைத் திருப்பித் தர முடியாமல் கையை விரித்தது. 1987-ல் காற்றாலைத் தொழிலை மட்டும் பிரித்தெடுத்து, சின்னக் கம்பெனியாக மறுபடி பிறந்தது.

இப்போ இங்க வாங்க. அதே 1986-ல்தான் தூத்துக்குடிக்குப் பக்கத்தில் முள்ளக்காட்டில் தமிழ்நாட்டின் முதல் காற்றாலைப் பண்ணை ஓட ஆரம்பித்தது. ஒவ்வொன்றும் 55 கிலோவாட். இன்றைய கணக்கில் பொம்மை. இப்போது நிறுவப்படும் மூன்று மெகாவாட் இயந்திரம் ஒன்றுக்குச் சமமாக அதில் ஐம்பத்தஞ்சு வேணும், கணக்குப் போட்டுப் பார்த்துக்கோங்க. பிறகு 1990-ஐ ஒட்டி டென்மார்க் அரசின் உதவி நிறுவனமான டானிடா 20 மெகாவாட்டுக்குப் பணம் கொடுத்தது. குஜராத்தில் லாம்பாவில் 10, கயத்தாறில் 6, முப்பந்தலில் 4. கயத்தாறுன்னா நமக்கு 1799, கட்டபொம்மன் தூக்கு, புளியமரம். மின்சாரத் துறைக்காரங்களுக்கு கயத்தாறுன்னா காத்து.

இதை "உதவி" என்று எழுதுவார்கள். உதவிதான், மறுக்கலை. ஆனா கொடுத்த பணம் டென்மார்க் இயந்திரம் வாங்கத்தான் போனது. கலிபோர்னியா கைவிட்ட ஒரு தொழிலுக்கு அடுத்த சந்தை தேவைப்பட்ட நேரம் அது. நமக்கு மின்சாரம் தேவைப்பட்டது, அவர்களுக்கு வாடிக்கையாளர் தேவைப்பட்டது. இதுல எனக்குக் கோபம் ஒண்ணும் இல்ல. வியாபாரம் அப்படித்தான். சொல்லாம மறைச்சாத்தான் கோபம் வரும்.

வந்த இயந்திரங்களுக்கு இங்கே என்ன ஆச்சு என்பதுதான் எனக்குப் பிடிச்ச பகுதி. கொஞ்சம் டெக்னிக்கலா போறேன், பொறுத்துக்கோங்க.

அந்தக் கால டேனிஷ் இயந்திரத்தின் இறக்கை திரும்பாது, கோணம் நிலையானது. உள்ளே இருப்பது தூண்டல் ஜெனரேட்டர், அதாவது நம்ம கிணத்து மோட்டாரோட அண்ணன். அது எவ்வளவு வேகமாகச் சுற்ற வேண்டும் என்பதை மின்கம்பியில் இருக்கிற அலைவெண்தான் தீர்மானிக்கும். டென்மார்க்கில் 50 ஹெர்ட்ஸ் என்றால் 50தான். நம்ம ஊரில் தொண்ணூறுகளில் 48 வரை இறங்கும். அலைவெண் இறங்கினால் இறக்கையின் வேகமும் குறையும், நல்ல காற்று இருந்தும் உற்பத்தி குறையும். அடுத்தது, கிராமத்து லைன். திடீர்னு கரண்ட் போனால் இயந்திரம் பிடிமானம் இல்லாமல் ஓடப் பார்க்கும், பிரேக் விழும், அந்த அதிர்ச்சி அத்தனையும் கியர்பாக்ஸில் இறங்கும். டென்மார்க்கில் அபூர்வமாக நடக்கும் விஷயம் இங்கே வாரத்துக்குப் பல தடவை. இன்னொன்று, இந்த ஜெனரேட்டர் மின்சாரம் கொடுக்கும்போதே காந்தப்புலத்துக்காக லைனில் இருந்து ஒரு பங்கை உறிஞ்சவும் செய்யும். அதனால் அக்கம்பக்கத்து வோல்டேஜ் சரியும். மின்வாரியம் அதற்குத் தனியாகக் கட்டணம் போட்டது, கெப்பாசிட்டர் வைக்கச் சொன்னது.

ஆக, கப்பலில் வந்த பெட்டிக்குள் பாதிதான் இருந்தது. மீதிப் பாதி, அதாவது இந்தக் காற்றுக்கும் இந்த லைனுக்கும் அதைப் பழக்குவது, இங்கே நடந்தது. மின்வாரியப் பொறியாளர்களும் இளம் டெக்னீஷியன்களும் கோடைவெயிலில் டவர் ஏறி இறங்கிக் கற்றுக்கொண்டது. அதற்கு ஒரு அமைப்பும் வந்தது. 1998-ல் சென்னையில் காற்றாற்றல் தொழில்நுட்ப மையம் தொடங்கப்பட்டது. கயத்தாறில் சோதனை நிலையம். இதற்கும் டானிடாவின் பணமும் டென்மார்க் ஆய்வாளர்களின் தொழில்நுட்பத் துணையும் இருந்தது. என்னைக் கேட்டால் டென்மார்க்கிலிருந்து வந்ததிலேயே நல்ல சரக்கு இதுதான். ஒரு காற்றாலை எவ்வளவு உற்பத்தி செய்யும் என்று விற்பவர் சொல்வதை நம்பாமல், நம்ம காற்றில் நாமே அளந்து பார்க்கும் திறமை.

அது ஏன் அவ்வளவு அவசரமாகத் தேவைப்பட்டது என்பதற்கு வரிக்கதைக்குப் போகணும். தொண்ணூறுகளில் காற்றாலை வாங்கினால் முதல் வருஷமே 100 சதவீதம் தேய்மானக் கழிவு. ஒரு மில் முதலாளிக்கு அஞ்சு கோடி லாபம், அஞ்சு கோடிக்கு காத்தாடி போட்டார்னு வெச்சுக்கோங்க, கணக்குல லாபம் பூஜ்யம், வரியும் பூஜ்யம். காத்தாடி சுத்தினா அது போனஸ். நிதியாண்டு முடியும் மார்ச்சுக்குள் நட்டுவிட வேண்டும் என்று அவசர அவசரமாக நட்டார்கள். கலிபோர்னியாவில் நடந்த அதே கூத்து, பத்து வருஷம் கழிச்சு நம்ம ஊரில். 1996-ல் குறைந்தபட்ச மாற்று வரி வந்ததும் கம்பெனிகளுக்கு அந்தச் சுகம் குறைந்தது, சந்தை படுத்தது. ஆரம்ப ஜோரில் கடை விரித்த சில பேர் காணாமல் போனார்கள். இயந்திரம் மட்டும் நின்றது, உதிரிபாகம் இல்லாமல்.

அதே காலத்தில் பொருள் வரும் முறையும் மாறியது. முழு இயந்திரத்தை இறக்குவதைவிடப் பாகங்களாக இறக்கினால் வரி குறைவு என்று அரசு வைத்தது. அதனால் இங்கே கோர்ப்பது லாபம். வெஸ்டாஸ் 1987-லேயே ஆர்.ஆர்.பி. என்ற இந்தியக் கூட்டாளியோடு சேர்ந்துவிட்டது. அவர்களுடைய 225 கிலோவாட் இயந்திரம் இன்னும் நம்ம பக்கம் சுத்துறதைப் பார்க்கலாம். மைக்கான் இன்னொரு டேனிஷ் கம்பெனி, அது என்.இ.பி.சி.யோடு வந்தது. ஜெர்மனியின் எனர்கான் ஒரு இந்தியக் கூட்டாளியோடு வந்து, பிறகு சண்டை போட்டு, காப்புரிமை வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. அது தனி எபிசோட் போடுற அளவுக்குப் பெரிய கதை.

சுஸ்லான் கதை தெரிஞ்சிருக்கும். துளசி தாந்தி குஜராத்தில் துணித் தொழில் செய்தவர். கரண்ட் பில் கட்டுப்படி ஆகாமல் ரெண்டு காற்றாலை வாங்கினார், பிறகு 1995-ல் தானே கம்பெனி தொடங்கினார். தொழில்நுட்பம் சூட்விண்ட் என்ற சின்ன ஜெர்மன் நிறுவனத்திடமிருந்து. அது 1997-ல் திவாலானது. தாந்தி அதன் பொறியாளர்களை வேலைக்கு எடுத்து, ஜெர்மனியிலேயே ஆராய்ச்சிக்கூடம் போட்டார். இயந்திரத்தை வாங்குவதற்குப் பதிலாக அதைச் செய்யத் தெரிந்தவர்களை வாங்கினார். 2006-ல் பெல்ஜியத்தின் ஹான்சன் கியர்பாக்ஸ் கம்பெனி, 2007-ல் ஜெர்மனியின் ரீபவர். பிறகு அமெரிக்காவுக்கு அனுப்பிய இறக்கைகளில் விரிசல், கழுத்து வரை கடன், 2012-ல் பத்திரக் கடனைத் திருப்பித் தர முடியாத நிலை, 2015-ல் அந்த ஜெர்மன் கம்பெனியை விற்றுவிட்டு ஊர் திரும்பினார்கள். ஏறினதும் இறங்கினதும் வேகம்தான். ஆனா இறக்குமதி செஞ்ச ஒரு பொருளை இருபது வருஷத்துல ஏற்றுமதி செஞ்சு காட்டினது சாதாரண விஷயம் இல்ல.

இப்போ ஜெனீவா. 2001 நவம்பரில் தோகாவில் கூடிய உலக வர்த்தக அமைப்பு, சுற்றுச்சூழல் பொருட்கள், சேவைகள் மீதான தடைகளைக் குறைப்பது அல்லது நீக்குவது என்று தன் பிரகடனத்தில் எழுதியது. எது சுற்றுச்சூழல் பொருள்? இங்கேதான் சண்டை. பணக்கார நாடுகள் பட்டியல் கேட்டன. சுங்கத்துறையில் ஒவ்வொரு பொருளுக்கும் ஆறு இலக்க எண் உண்டு. காற்றாலை ஜெனரேட்டர் 850231. சரி, அது சுலபம். அதன் கோபுரம் 730820. ஆனா அதே எண்ணில்தான் மற்ற இரும்புக் கோபுரங்களும் வரும், செல்போன் டவர் உட்பட. கியர்பாக்ஸ் 848340. அதே எண்ணில் சிமெண்ட் ஆலை கியரும் வரும். சாஃப்ட்வேர்ல இருக்கிறவங்களுக்குப் புரியும், இது ஒரு மோசமான டேட்டாபேஸ் ஸ்கீமா. என்னத்துக்குப் பயன்படுதுன்னு ஒரு காலமே இல்ல.

இந்தியா 2005-ல் வேறு ஒன்றைச் சொன்னது. பட்டியல் வேண்டாம், திட்டத்தைப் பாருங்கள். ஒரு நாட்டின் அரசு அங்கீகரித்த சுற்றுச்சூழல் திட்டம் என்றால், அது நடக்கும் காலம் வரை அதற்கு வேண்டிய பொருளுக்கும் சேவைக்கும் சேர்த்துச் சலுகை. பணக்கார நாடுகள் இதைச் சந்தையைத் திறக்க மறுக்கும் சாக்கு என்றன. கொஞ்சம் உண்மை இருக்கலாம், நம்ம ஆட்களும் வரியை விட்டுக்கொடுக்க விரும்பாதவர்கள்தான். ஆனா கயத்தாறு கதையைத் தெரிஞ்சுக்கிட்டு அந்த யோசனையைப் படிச்சா எனக்கு அது சாக்காத் தெரியலை. கயத்தாறில் நடந்தது அதுதானே? இயந்திரம், பணம், அளவீடு, பயிற்சி, சோதனை நிலையம், எல்லாம் ஒரு கட்டாக வந்ததால்தான் நின்றது. மார்ச் அவசரத்தில் பொருளாக மட்டும் வந்தவைதான் துருப்பிடித்தன.

அந்த யோசனை ஏறவில்லை. ஆசிய பசிபிக் நாடுகளின் ஏபெக் கூட்டமைப்பு 2012-ல் 54 பொருட்களுக்கு வரியை 5 சதவீதத்துக்குள் கொண்டுவர ஒப்புக்கொண்டது. 2014-ல் ஜெனீவாவில் சில உறுப்பினர்கள் மட்டும் சேர்ந்து தனி ஒப்பந்தம் பேசத் தொடங்கினார்கள், இந்தியா அதில் இல்லை. 2016 டிசம்பரில் அது உடைந்தது. உடைத்த பொருட்களில் ஒன்று சைக்கிள். சீனா சேர்க்கச் சொன்னது, ஐரோப்பா மறுத்தது. பதினைந்து வருஷம் பேசி சைக்கிளில் முட்டி நின்றார்கள்.

சோலாரில் சண்டை நேரடியாக வழக்கானது. தேசிய சோலார் திட்டத்தில் உள்நாட்டுத் தகடு வாங்கச் சொன்னதற்காக அமெரிக்கா 2013-ல் இந்தியா மீது வழக்குப் போட்டு 2016-ல் ஜெயித்தது. அதே மாதிரி விதி அமெரிக்க மாநிலங்களிலும் இருக்கிறது என்று இந்தியா திருப்பிப் போட்டது, 2019-ல் தீர்ப்பு இந்தியா பக்கம். 2022 ஏப்ரலில் இந்தியா இறக்குமதி சோலார் தகடுக்கு 40 சதவீத வரி போட்டது. இன்று கங்கைகொண்டான் சிப்காட்டில் டாடாவின் பெரிய சோலார் தொழிற்சாலை ஓடுகிறது. கயத்தாறுக்கும் அதுக்கும் இடையில கொஞ்ச தூரம்தான். ஒன்று டேனிஷ் உதவியில் வந்தது, இன்னொன்று சுங்க வரிச் சுவருக்குப் பின்னால் வளர்ந்தது. எது சரியான வழின்னு கேட்காதீங்க, தகடு விலை ஏறினப்போ கூரையில சோலார் போட நினைச்ச எங்க மாமா திட்டினது இன்னும் காதுல இருக்கு.

சரி, 2012 கேள்விக்கு வரேன். காத்தாடி யாருடையது? எங்க தாத்தாவின் மூணு ஏக்கர் புஞ்சை, சுரண்டைக்கு அந்தப் பக்கம், மானாவாரி. நான் சின்னப் பையனா இருந்தப்போ ஒரு தரகர் மூலமா வித்தோம். வாங்கினது யாருன்னு பத்திரத்துல பேர் இருந்தது, முகம் தெரியாது. பிறகுதான் தெரிஞ்சது, அதுல நிக்கிற காத்தாடி மேற்கு மாவட்டத்து பஞ்சாலை ஒன்றுக்குச் சொந்தம். இங்கே உற்பத்தி ஆகும் யூனிட்டை மின்வாரியம் தன் கம்பியில் ஏற்றி, அங்கே மில்லின் மீட்டரில் கழித்துக்கொடுக்கும். ஆடியில் மிஞ்சியதை வங்கியில் போடுவது மாதிரி வைத்து, பிறகு எடுத்துக்கொள்ளவும் வழி இருந்தது. கரியமில வாயுவைத் தவிர்த்ததற்கான சான்றையும் தனியாக விற்கலாம். கியோட்டோ ஒப்பந்தத்தின் கீழ் தமிழ்நாடு நூற்பாலைகள் சங்கம் நூற்றுக்கணக்கான காற்றாலைகளை ஒரே திட்டமாகக் கட்டிப் பதிவு செய்தது. 2012 வாக்கில் அந்தச் சான்றின் விலை ஐரோப்பாவில் அதலபாதாளத்துக்குப் போனது வேறு விஷயம். எங்க காத்து, யூனிட்டா மேற்க போச்சு, சான்றா ஐரோப்பாவுக்குப் போச்சு. தாத்தாவுக்கு ஏக்கருக்கு அன்றைய புஞ்சை விலை கிடைச்சது. ஏமாத்தினாங்கன்னு சொல்ல மாட்டேன். காத்துக்கு விலை உண்டுன்னு எங்களுக்குத் தெரியலை.

காற்று அதிகமான இரவுகளில் இன்னொரு வேடிக்கை, உற்பத்தியைக் கொண்டுபோகக் கம்பி போதாமல் காத்தாடியை நிறுத்தச் சொல்வார்கள். அந்தக் கம்பிக்குத்தான் பிறகு பசுமை மின்வழித் திட்டம் வந்தது. மாநிலங்களுக்குள் போடும் லைன்களுக்கு ஏறத்தாழ 40 சதவீதம் ஜெர்மனியின் கே.எஃப்.டபிள்யூ. வங்கிக் கடன். தமிழ்நாடும் அதில் ஒரு மாநிலம். முதலில் இயந்திரத்துக்கு டேனிஷ் பணம், பிறகு கம்பிக்கு ஜெர்மன் பணம்.

கடைசியா எங்க அண்ணன், பெரியப்பா பையன். ஐ.டி.ஐ. எலக்ட்ரீஷியன். பதினோரு வருஷமா காத்தாடி சர்வீஸ். எண்பது மீட்டர் டவர்ல கயித்தைப் பிடிச்சு ஏறி, மேல இருக்கிற பெட்டிக்குள்ள உட்கார்ந்து போல்ட் முறுக்குறவன். வர்த்தக மொழியில் இவன்தான் "சேவை". ஆனா 1991-ல் போட்ட சேவைப் பட்டியலில் சுற்றுச்சூழல் சேவை என்றால் சாக்கடை, குப்பை, துப்புரவு, அது போன்றவை. காற்றாலைப் பராமரிப்பு அதில் இல்லை. ஆளே நாடு கடந்து போய் வேலை செய்வதை நாலாவது முறை என்பார்கள், எந்த நாடும் எளிதில் திறக்காத கதவு அது. ஒரு ஐரோப்பிய நாட்டில் அண்ணனுக்கு வேலை தயாராக இருந்தது. அதற்கு உலகக் காற்றாலை அமைப்பின் அடிப்படைப் பாதுகாப்புச் சான்றிதழ் வேண்டும். உயரத்தில் வேலை, முதலுதவி, தீயணைப்பு, சுமை தூக்குதல். ரெண்டு வருஷம்தான் செல்லும். அந்த அமைப்பின் தலைமையகம் எங்கே தெரியுமா? கோபன்ஹேகன். கைக்காசு போட்டுப் படிச்சான், பாஸ் பண்ணினான், விசா வரலை. இப்போ சான்றிதழும் காலாவதி.

இந்தத் தடவை ஊருக்குப் போனப்போ அவன் ஒரு 225 கிலோவாட் இயந்திரத்தில் வேலையாக இருந்தான். 2024-ல் தமிழ்நாடு அரசு பழைய காற்றாலைகளை மாற்றவும் புதுப்பிக்கவும் ஒரு கொள்கை வெளியிட்டது. அதைக் கழட்டுறதா, ஆயுளை நீட்டுறதான்னு முதலாளி இன்னும் முடிவு பண்ணலை. அதுக்குள்ள ஒரு பாகம் போச்சு, செய்த கம்பெனி அதை நிறுத்தி ரொம்ப நாள் ஆச்சு. கோயம்புத்தூரில் ஒரு லேத் பட்டறையில் அளவு கொடுத்துக் கடைந்து வாங்கினான். மெட்டல் கொஞ்சம் வேற, அளவு அச்சு அசல். போனில் படம் காட்டிவிட்டுக் கேட்டான்: "கென்யாவுல பெரிய காத்தாடிப் பண்ணை இருக்காமே, அங்க ஆள் எடுக்காங்களான்னு உன் கம்ப்யூட்டர்ல பாத்துச் சொல்லுடே." பார்த்துக்கிட்டு இருக்கேன்.